அடையாள அணிவகுப்பு

ஜபல்பூர். ஏழாம் அறை.
பகல் உணவுக்கு இன்னும் பத்து நிமிடம்.

கரேலி சாலை, இரவு பதினொன்றே கால்,
வெல்லம் விற்ற காசு முப்பத்தோராயிரம் போயிற்று.
பைக்கின் விளக்கு ஒன்றுதான் வெளிச்சம் என்கிறார் ஹல்கேவீர்,
அதுவும் தன் கண்ணில்தான் அடித்ததாம்.
நாற்பத்தாறு நாள் கழித்துச் சிறை முற்றத்தில்
ஒன்பது பேரை நிறுத்தியபோது
தயங்காமல் ஒரு தோளைத் தொட்டார்.

தயங்கியிருக்கலாம்.

குறுக்கு விசாரணை, நான்காம் பக்கம், ஒரே வரி:
'ஸ்டேஷனில் அவனை டீ வாங்கிவர அனுப்பி
தரோகா எனக்குக் காட்டினார்.'
நான் வாதாடியது அந்த வரியை.
மற்றதெல்லாம் முன்தீர்ப்புகளின் எண்கள்.

கத்தி யார் கையில் இருந்தது?
எந்தச் சாட்சியும் சொல்லவில்லை.
இருந்தும் கொடுத்திருந்தார்கள்,
கத்திக்கு உரிய ஏழாண்டு, குறைக்க வழியில்லாத ஏழாண்டு.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
சந்தேகத்தின் பலன். விடுதலை.
அரசு வக்கீல் அடுத்த கட்டைப் பிரிக்கத் தொடங்கினார்.

ஏழும் கழித்து
போன தீபாவளிக்கு முன்பே வெளியே வந்துவிட்டவருக்கு
விடுதலை.

தாழ்வாரத்து பெஞ்சில் மூன்று பேர்.
ஒருவர் கடலை உரிக்கிறார்,
ஒருவருக்கு இடக்கண்ணில் பூ,
ஒருவர் வாய் திறந்து தூங்குகிறார்.
சட்ட உதவிக் குழு தந்த கோப்பில்
புகைப்படம் கிடையாது, கட்டைவிரல் ரேகைதான்.
இவர்களில் தர்யாவ் யார்?

ஆறு வருடம் அவர் பெயரைச் சொல்லி எழுந்து நின்றவள்
தீர்ப்பு எண் கிறுக்கிய தாளோடு நிற்கிறேன்.
அவரை டீ வாங்கிவர அனுப்பி
யாராவது எனக்குக் காட்டிவிட்டால் தேவலை.