ஏழு கெல்வின்

குளுகோர் குன்றில் மூன்றாம் இரவு.
சிங்கப்பூரிலிருந்து வந்த ஹீலியம்,
கடைசிக் கலன்.
வெளியே இடி.

ஏழு கெல்வினில்
தடை சட்டென்று பூஜ்யம்.
நான்தான் கத்தினேன்.
டாக்டர் செங்கமலம் எழவில்லை.
ஆறிய கோப்பி-ஓவில் ஒரு மிடறு,
பிறகு,
"பற்றவைத்தது யார்?"

நான்தான். பாயான் லெப்பாஸ் ஆலையில்
பன்னிரண்டு வருடம் பழகிய கை.

"மீக்கடத்தியானது உன் ஈயம், பவளம்.
நம்ம படிகம் இன்னும் வாயே திறக்கல."

எழுதி முடித்திருந்த கட்டுரைமேல்
குறுக்கே ஒரு கோடு.
சன்னலை மூடச் சொன்னார், சாரல்.

பிறகு வெள்ளிப்பசை, முடியளவு கம்பி,
பதினாறு படிகம், ஆறு வருடம்.
பதினேழாவது
ஈயத்துக்கு எட்டாத உயரத்தில்,
பதினெட்டு கெல்வினில்,
பேசியது.

ஓய்வுபெறும் நாளில் முன்னோடி என்றார்கள்.
மாலையைக் கழற்றிக் கையில் சுருட்டியபடி
கடைசி வரிசையில் என்னைத் தேடினார்:
"பற்றவைத்தது யார்?"