மற்றும் பதினெட்டுப் பேர்

சோரோட்டி நீதிமன்றப் பலகையில்
வழக்கின் பெயரை இப்படி ஒட்டியிருக்கிறார்கள்:
அசெக்கெனியே பெர்பெத்துவா மற்றும் பதினெட்டுப் பேர்
எதிர்
பள்ளி நிர்வாகம்.

அகர வரிசையில் அவள் முன்னால் வந்துவிட்டாள்.
நான் 'மற்றும்' என்பதற்குள் இருக்கிறேன்.
உட்கார்ந்து எண்ணினால் பதினோராவது ஆள்.

அக்டோபரில் ஒரு திங்கட்கிழமை.
புதுப் பேனா இரண்டு, மூடி கழன்ற காம்பஸ் பெட்டி,
அம்மா இரவல் வாங்கிவந்த கைக்கடிகாரம்.
மேற்பார்வையாளர் பெயர்களை வாசித்தார்.
வாசித்த பெயர்கள் உள்ளே போயின.
பட்டியல் தீர்ந்தது.
நாங்கள் தீரவில்லை.

பின்பக்கம் பாருங்கள் ஐயா, என்றான் ஒமாலிங்கா.
அவர் திருப்பிக் காட்டினார்.
வெள்ளை.
அவ்வளவு சுத்தமான வெள்ளையை
அந்தப் பள்ளியில் அதற்குமுன் நான் பார்த்ததில்லை.

கட்டணம் கட்டியிருந்தோம்.
ஒரு காளை, நான்கு மூட்டை நிலக்கடலை,
யாரோ ஒருத்தியின் அக்காவுடைய தையல் இயந்திரம்.
ரசீதுகள் இருக்கின்றன, சாணி மணக்கும் ஒன்று உட்பட.
தலைமையாசிரியர் அதை வாரியத்துக்கு அனுப்பவில்லை.
திருடவுமில்லை, அதையும் சொல்லியாக வேண்டும்.
விடுதிக்குக் கூரை போட்டார்.
அடுத்த தவணைப் பணம் வந்ததும் அனுப்பலாம் என்றிருந்தாராம்.
கடைசித் தேதிக்கு அது தெரியாது.

பத்து மணிக்கு மழை பிடித்தது.
உள்ளே அவர்கள் கணக்கு எழுத
வெளியே நாங்கள் ஒதுங்கி நின்றோம்
எங்கள் பணத்துக்குக் கீழே.
நல்ல தகரம். ஒரு சொட்டு ஒழுகவில்லை.

பள்ளியின் வக்கீல் அதைக் கவனக்குறைவு என்கிறார்.
பழகிய சொல்தான்.
கூட்டலில் கையிலிருக்கும் ஒன்றைச் சேர்க்க மறந்தால்
ஓரத்தில் சிவப்பு மையில் எழுதுவார்கள்: கவனக்குறைவு.
ஒன்றுக்கு மூன்று அடி.
பத்தொன்பதைச் சேர்க்க மறந்தவருக்கு எத்தனை என்று
என் தம்பி விரல்விட்டு எண்ணிப் பார்த்தான்.
விரல் போதவில்லை.

குறுக்கு விசாரணையில் அசெக்கெனியேவை நிறுத்திவைத்து
போன தவணை வேதியியல் மதிப்பெண்ணைக் கேட்டார்.
முப்பத்தொன்று.
"எழுதியிருந்தால் மட்டும் தேறியிருப்பாயா?
தேறாதவளுக்கு என்ன நஷ்டம்?"
மின்விசிறி கடகடத்தது.
மொழிபெயர்ப்பாளர் அதை அதேசோவில் சொல்லி முடிக்கும்முன்
பதில் வந்துவிட்டது:
"தோற்றிருப்பேன் ஐயா.
ஆனால் அது நானே தோற்றதாக இருந்திருக்கும்."
நீதிபதி தலை தூக்காமல் எழுதினார்.
எழுதினாரா, கோடு கிழித்தாரா, தெரியவில்லை.

மார்ச் போய் ஜூன். ஜூன் போய் செப்டம்பர்.
'மற்றும்' என்பதற்குள் ஆட்கள் குறைந்துகொண்டு வருகிறார்கள்.
ஒமாலிங்கா போடா-போடா ஓட்டுகிறான்,
வாய்தாவுக்கு வந்தால் அன்றைய சவாரி போச்சு.
இக்வாபுட்டைக் கும்மியில் கட்டிக்கொடுத்துவிட்டார்கள்.
இரண்டு பேர் பள்ளி நீட்டிய உறையை வாங்கிக்கொண்டு
கையெழுத்துப் போட்டார்கள்.
சந்தையில் எதிர்ப்பட்டால்
தங்கள் செருப்பைப் பார்த்துக்கொண்டே கடக்கிறார்கள்.
நான் கூப்பிடுவதில்லை.
எனக்கு உறை இன்னும் வரவில்லை,
வந்தால் என்ன செய்வேன் என்று
சத்தியம் செய்யத் தயாராக இல்லை.
பலகையில் மட்டும் எண் அப்படியே இருக்கிறது.

இன்று நீதிபதிக்குக் காய்ச்சலாம்.
மாமரத்தடி பெஞ்சில் உட்கார்ந்து
உள்ளே போய் எழுதியவன் ஒருவன் தந்த வினாத்தாளை விரித்தேன்.
மடித்து மடித்து, முக்கோணம் ஒன்று
மடிப்பிலேயே கிழிந்துபோயிருக்கிறது.
மற்றதெல்லாம் தெரிகிறது.
முதல் மூன்று கணக்கு வந்துவிட்டது.
நாலாவதில் கையிலிருந்த ஒன்றை விட்டுவிட்டு
அடித்து, திரும்பப் போட்டேன்.

மேலே பெயருக்கான கோட்டில்
ஒக்வாரே என்று எழுதினேன்.
பக்கத்தில் தேர்வு எண்ணுக்குக் கட்டங்கள்.
கொஞ்ச நேரம் பேனாவைப் பிடித்துக்கொண்டிருந்துவிட்டு
வழக்கு எண்ணை நிரப்பினேன்.
கடைசி இரண்டு இலக்கம்
கட்டத்துக்கு வெளியே நிற்கிறது.