பீப்பாயின் அடி

பெயர் ஹார்பாட்டில்.
எங்கள் வாயில் அது ஆர்ப்பாட்டம் துரை.
ஆள் ஒருநாளும் குரல் உயர்த்தியதில்லை.
டர்பன் துறைமுக முனையில் மணல்மேட்டுக்குப் பின்னால்
அவருடைய எண்ணெய்க் கிடங்கு.
காற்று திரும்பினால் ஊரே மூக்கைப் பொத்தும்.
செத்த பிறகுதான் திமிங்கிலம் கரையில் நடக்கும் என்பான்
என்னோடு பீப்பாய் உருட்டிய ஜூலு, மகோபா.

நான் வந்தது கரும்புக்கு.
உம்சிந்தோவில் ஐந்து வருஷம் வெட்டி முடித்து
துறைமுகத்துக்கு இறங்கினேன்.
கணக்குத் தெரியும் என்றேன்.
கையில் கோலைக் கொடுத்தார்.

கருங்காலிக் கோல். அங்குலம் அங்குலமாக வெட்டு.
பீப்பாயின் வாயில் இறக்கி எடுத்தால்
எத்தனை காலன் என்று சொல்லும்.
நுனியில் சுண்ணாம்பு தடவி இறக்கினால்
இன்னொன்றும் சொல்லும்,
அடியில் எத்தனை அங்குலம் கடல் தண்ணீர் என்று.
எண்ணெய் மேலே நிற்கும்.
வாங்குகிறவன் மேலேதான் பார்ப்பான்.

"சுண்ணாம்பு வேண்டாம், தாண்டவராயன்"
என்றார் முதல் வாரமே, மெதுவாக.
பதினோரு வருஷம்
வெற்றிலைக்கு மட்டும் தடவினேன்.

பிறகு மண்ணெண்ணெய் வந்தது, தகர டப்பாவில்,
வாடையே இல்லாத மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு.
ஒரே பருவத்தில் அறுபது பீப்பாய் தேங்கிற்று.
ஆர்ப்பாட்டம் துரை கிடங்கு வாசலில்
முக்காலி போட்டு மூன்று நாள் கடலைப் பார்த்தார்.
நான்காம் நாள் தொப்பியை மாற்றினார்.

அதற்குள் நானும் தனியாக வந்திருந்தேன்.
அவருடைய காலிப் பீப்பாய்களையே வாங்கி
பாதியாக அறுத்துத் துணி வெளுக்கத் தொட்டி.
பட்டறை, செங்கல் சுவர், வரி ரசீது,
வாக்காளர் பட்டியலில் என் பெயர்,
இரண்டு எழுத்துத் தப்பாக.

வந்தார். மிஸ்டர் என்றார்.
திரும்பிப் பார்த்தேன், பின்னால் யாருமில்லை.
செங்கமலம் டீ கொடுத்தாள்.
இன்னும் கொஞ்சம் சர்க்கரை கேட்டார்.
நான் வெட்டிய கரும்பாகவே இருக்கலாம்.
பட்டறை மனையின் குத்தகை
அவர் மைத்துனர் கையில் என்பதைப்
போகிற போக்கில் சொன்னார்.

நான்கு ஓட்டில் ஜெயித்தார்.
"நாலில் ஒண்ணு உங்களோடதா?" என்றாள்.
அன்று ராத்திரி நாலுமே என்னுடையது மாதிரி
தெருவில் நடந்தேன்.

மாரிட்ஸ்பர்க் சபையில் சட்டம் வந்த நாள்
இருபது நிமிஷம் பேசினாராம்.
மகன் சிகாமணி பேப்பரை விரித்து
இங்கிலீஷில் ஒருதரம், எனக்காகத் தமிழில் ஒருதரம் படித்தான்.
இந்தியர் உழைப்பாளிகள் என்றாராம்.
அமைதியானவர்கள்.
என் கிடங்கில் ஒருவன் பதினோரு வருஷம் அளந்தான்,
ஓர் அங்குலம் பிசகியதில்லை என்றாராம்.
அப்புறம் கை தூக்கியிருக்கிறார்,
இவர்களுக்கு இனி ஓட்டு வேண்டாம் என்று.

ஏற்கெனவே ஏறிய பெயர்கள் இருந்துகொள்ளலாமாம்.
ஆகவே நான் இருக்கிறேன், இரண்டு எழுத்துத் தப்போடு.
இந்த மணலிலேயே பிறந்த சிகாமணி
ஏற மாட்டான்.

விளக்குத் திரியை இறக்கிவிட்டுக் கேட்டான்:
"அந்த ஒருவன் நீங்கதானே?"
மண்ணெண்ணெய்க்கும் வாடை இருந்தது.
அளக்கச் சொன்னதை அளந்தேன் என்றேன்.
"அளக்க வேண்டாம்னு சொன்னதை?"
செங்கமலம் பாத்திரங்களை
தேவைக்கு மேல் சத்தமாக அடுக்கினாள்.

அடுத்த தேர்தலுக்கும் வந்தார்.
உடம்பு பெருத்திருந்தது. தங்கச் சங்கிலி.
டீ வைத்தோம்.
டீக்குப் பக்கத்தில் கோலை வைத்தேன்,
கொடிக்கயிற்றுக்கு முட்டுக் கொடுத்திருந்ததை எடுத்துக் கழுவி,
நுனியில் ஈரச் சுண்ணாம்பு.

பார்த்தார்.
முதல் தடவையாக அவர் குரல்
தெருவரைக்கும் போயிற்று.
வேலியோரம் நின்ற மகோபா
இப்போதுதான் பெயர் பொருந்துகிறது என்று
தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னான்.

அவர் ஜெயித்தார், முந்நூறுக்கு மேல்.
எங்கள் குத்தகை தை மாதத்தோடு சரி.
தொட்டிகளை வண்டியில் ஏற்றினோம்.
ஒன்று உருண்டு போய்ச் சாக்கடையில் நின்றது,
உள்ளே கழுவக் கழுவப் போகாத மஞ்சள்.
அதை எடுக்கச் சிகாமணி இறங்கினான்.