முன்னுரிமை இருபது

லீபாயா துறைமுகத்தில் மூன்று நாள் புயல்.
மின்சாரம் இல்லை. சர்வர் அறையில்
இருட்டும் மீன் வாடையும்.

நான் கணக்கு எழுதுகிறவள்.
கணினி பார்த்த ஒயார்ஸ் டப்ளினுக்குப் போகும்போது
கடவுச்சொல்லைக் கவரில் ஒட்டி
என் மேஜையில் வைத்தான். மேலே எழுதியிருந்தது:
தொடாதே. தொட்டால் பழையதைக் குறித்துக்கொள்.

கைபேசியில் திறந்தேன்.
கம்பெனிப் பெயரின் பின்னால் இப்படி ஒரு பேரேடு இருப்பது
பதினோரு வருடம் சம்பளம் போட்ட எனக்குத் தெரியாது.

பெயரைக் கேட்டால் எண்ணைச் சொல்லும் ஒரு வரி.
அந்த எண் ஃபிராங்ஃபர்ட்டில் வாடகைக்கு இருக்கிறது;
அதனால்தான் புயலிலும் எங்கள் வலைத்தளம்
வெட்கமில்லாமல் புகைமீன் டப்பாவைக் காட்டிக்கொண்டிருந்தது.
'கடை' என்ற பெயர் இன்னொரு பெயரைக் கைகாட்டியது,
அந்தப் பெயர் கையை விரித்தது.
மேற்கோள் குறிக்குள் ஒரு நீண்ட பிதற்றல்:
எப்போதோ யாரிடமோ
நாங்கள் நாங்கள்தான் என்று நிரூபித்த ரசீது.
ஒவ்வொன்றின் பக்கத்திலும் ஒரு நொடிக்கணக்கு,
உலகம் இதை இவ்வளவு நேரம் ஞாபகம் வைத்தால் போதும் என்று.
86400. வகுத்துப் பார்த்தேன், பழக்கதோஷம்.
ஒரு நாள்.

கடிதங்களுக்கு இரண்டு வரிகள்.
பத்து: இருட்டில் கிடக்கும் எங்கள் சர்வர்.
இருபது: இமாண்ட்ஸ் லாப்ஸா.

இமாண்ட்ஸ், முதலாளி குன்டார்ஸின் பங்காளி.
இந்தச் சொல்லுக்குள்ள இரண்டு அர்த்தத்திலும்.
ஒன்பது வருடமாக நீதிமன்றத்தில் தவிர
ஒரே அறையில் நின்றதில்லை இருவரும்.
பாகம் பிரித்த பத்திரத்துக்குக்
கொதிகலனிலிருந்து தேநீர்க் கெண்டிவரை
பட்டியல் போட்டவள் நான்.
இந்த வரி அதில் இல்லை.

நான்காம் நாள் விளக்கு எரிந்தது.
ஐந்து நிமிடம் ஒன்றும் வரவில்லை.
பிறகு ஹாம்பர்க் ஆர்டர், வரி அலுவலகம்,
யாரோ விற்கப் பார்க்கும் லேபிள், மறுபடி ஹாம்பர்க்,
முந்நூற்றுப் பன்னிரண்டு கடிதங்கள்.
குல்டீகாவில், இமாண்ட்ஸ் வீட்டு நிலவறையில்
ஒரு பெட்டி மூன்று நாளாக வாங்கி வைத்து
எங்கள் கதவு திறந்ததும் கொடுத்துவிட்டது.
அவருக்குத் தெரிந்திருக்குமா?
பெட்டிக்குச் சண்டை தெரியாது.

"ஒன்றும் தொலையவில்லையே?" என்றார் குன்டார்ஸ்.
இல்லை.
"எப்படி?"
பத்து, இருபது என்று ஆரம்பித்தேன்.
கையை ஆட்டிவிட்டுப் போய்விட்டார்.

நீக்கு என்ற பொத்தான் சிவப்பாக இருக்கிறது.
அயலார் இயந்திரம் எங்கள் கடிதத்தைத் தொடக்கூடாது;
வேறு கம்பெனியின் தணிக்கையென்றால் நானே சுழித்திருப்பேன்.
பழையதைக் குறித்துக்கொண்டேன்.
பொத்தானை இன்னும் அழுத்தவில்லை.

இன்று குல்டீகாவுக்கு ஒரு பெட்டி புகைமீன் போயிற்று,
அனுப்பியவர் பெயர் இல்லாமல்.
செலவுத் தலைப்பு: தபால்.