ஆளுக்கு நூறு வாட்

சொஹார். ஆகஸ்ட். பன்னிரண்டு நாற்பது.
வெளியே நாற்பத்தொன்பது டிகிரி.
டிரைவ் ரூமில் இருபத்திரண்டு.
அந்தக் குளிர் மனிதருக்கு இல்லை என்று
கதவில் மூன்று மொழியில் எழுதியிருக்கிறது.

நாலாம் நம்பர் காலையிலிருந்தே முனகல்.
ஹீட்சிங்க் எண்பத்துநாலு.
தொண்ணூறில் தானாக விழும்.
விழுந்தால் கடல்நீர் பம்ப் நிற்கும்,
வக்தி எஞ்சினியர் போனில் கத்துவார்
பாதி அரபியில், பாதி என் பெயரில்.

ஃபில்டரைக் கழற்றினேன்,
உப்பும் மணலும் ஊறி, நமுத்த அப்பளமாய் விண்டது.
ஃபேன் பேரிங் மாற்றினேன்.
பழைய பேஸ்ட்டைச் சுரண்டி, புதுசை
அட்டை முனையால் இழுத்தேன்,
அலுமினியம் தெரிகிற மெல்லிசாய்.
நிறையத் தடவினால் குளிரும் என்று நினைப்பார்கள்.
நிறைய என்றால் அதுவே கம்பளி.

கதவை யாரும் தட்டவில்லை. சாய்ந்தார்கள்.
சாரம் கட்டுகிற ஒன்பது பேர்.
ஓய்வு நேரம்தான்.
ஓய்வுக்குக் கொடுத்த தகரக் கொட்டகையில்
நிழல் இருந்தது, காற்று இல்லை.
நடுவில் தேக் பகதூர், இரண்டு தோள்களில் தொங்கி.
வியர்வை நின்றிருந்தது.
எனக்குத் தெரியும் அது:
ஃபேன் நின்றுபோன பேனல்.

மனசுக்குள் கணக்கு ஓடிற்று.
சும்மா உட்கார்ந்தால் ஆளுக்கு நூறு வாட்.
ஒன்பது பேருக்குத் தொள்ளாயிரம்.
வெயிலில் ஏறிய சூடு தனி,
ஆயிரத்தைந்நூறு என்று வை.
நாலாம் நம்பர் ஒன்றே மூவாயிரம் கக்குகிறது.
அதை யாரும் வெளியே நில் என்று சொன்னதில்லை.

"எதையும் தொடாதீங்க," என்றேன்.
தமிழ் புரிந்தவன் ஒருவன்கூட இல்லை. ஒருவனும் தொடவில்லை.

ஏசி வாய்க்கு நேரே கிடத்தி பூட்ஸைக் கழற்றினோம்.
கிளினிக் வண்டி இருபது நிமிஷம் என்றது.
மொஃபிசுல் தன் பாட்டில் முழுவதையும் அவன் கழுத்தில் ஊற்ற,
கேபிள் டிரெஞ்சுக்குள் இறங்காமல்
வேஸ்ட் துணியால் நான் அணை கட்டினேன்.
டிரைவ்கள் மட்டும் உம் கொட்டிக்கொண்டிருந்தன.

இருபத்துமூன்று.
இருபத்துநாலு.
இருபத்தைந்தில் மஞ்சள் விளக்கு.
நாலாம் நம்பர் எழுபத்தொன்றுக்கு இறங்கிவிட்டது.
இவனுக்கு டிஸ்ப்ளே இல்லை.
காதுக்குப் பின்னால் விரல் வைத்துப் பார்த்தேன்,
மறுபடி வைத்தேன்.
வண்டி வருவதற்குச் சற்று முன்
கண் திறந்து
பூட்ஸ் எங்கே என்று கேட்டான்.

அலாரம் வந்தால் காரணம் எழுதவேண்டும்.
"ஃபில்டர் அடைப்பு" என்று எழுதிக் கையெழுத்திட்டேன்.
இந்த மாதம் ஆறாவது தடவை.

வக்தி கவலைப்பட்டு
புது ஃபில்டர் ஆர்டர் போட்டிருக்கிறார்.
இரண்டு டஜன்.