பதினேழாம் குழாய்

மாதத்தின் முதல் சனிக்கிழமை
அளவுநாடாவின் நுனியில் சிறு இரும்புக் குப்பியைக் கட்டி
குழாய் குழாயாய் இறக்கிப் பார்ப்பது என் வேலை.
சம்பளம் கிடையாது.
கொலின் தோட்டத்துத் தக்காளி உண்டு, காய்த்தால்.

குப்பி நீரைத் தொடும்போது ஒரு சத்தம் வரும்,
கன்னத்துக்குள் விரலை விட்டு எடுத்தால் வருமே, அது.
காற்றடித்தால் கேட்காது.
அதனால் குழாயின் வாயில் காதை வைத்து
மண்டியிட்டுக் கிடப்பேன்.
குலாரிங் சாலையில் கோதுமை லாரி ஓட்டுகிறவர்கள்
நான் தொழுகிறேன் என்று
வேகம் குறைத்துப் போனார்களாம், கொஞ்ச நாள்.

கிணற்றில் நீர் ஏறினால்
பக்கத்து வீட்டையும் கூப்பிட்டுக் காட்டும் ஊரில் பிறந்தவன்.
இங்கே நீர் ஏறினால் கூட்டம் போடுகிறார்கள்.
மூன்று மீட்டர் என்றால் முகச்சுளிப்பு.
இரண்டு என்றால் மௌனம்.
ஒன்றரை என்றால்
அந்த வயலை யாரும் பேர் சொல்லிப் பேசுவதில்லை.

கொலினின் அப்பா
இரண்டு புல்டோசர்களுக்கு நடுவே
கப்பல் சங்கிலியைக் கட்டி இழுத்தாராம்.
ஒரே கோடையில் நாலாயிரம் ஏக்கர்.
அரசாங்கம் கைகுலுக்கியது.
மரங்கள் குடித்துவந்த தண்ணீரை
குட்டைவேர்க் கோதுமைக்குக் குடித்துத் தீர்க்கத் தெரியவில்லை.
மிஞ்சிய தண்ணீர்
அடியில் உறங்கிய உப்பைத் தோளில் ஏற்றிக்கொண்டு
மேலே வந்துவிட்டது,
பெட்டி படுக்கையோடு வரும் சொந்தக்காரனைப் போல.

உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்பார்கள்.
இங்கே உப்பிட்டது யார் என்று
கூட்டத்தில் எவரும் கேட்டதில்லை.
கேட்டவள் கெய்லின் ஒருத்திதான்,
நாற்றுப்பண்ணை வைத்திருக்கும் நூங்கார் பெண்.
கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல்,
எத்தனை தட்டு நாற்று வேண்டும் என்றாள்.

ஒன்பதாயிரம் கன்று.
உப்புப்புதர், மாலி மரம்,
பெயர் இன்னும் என் நாக்கில் நிற்காத நாலைந்து.
பள்ளிக்கூடம் முழுவதும் நட வந்தது,
அதாவது பதினொரு பிள்ளைகள்.
பத்துக்குக் கீழே போனால் பள்ளிக்குப் பூட்டு.
பதினொன்றாவது பெயர் என் மகள் நிறைமதி.
அவள் பெயரின் றகரத்தை
இந்த ஊரே இரண்டு வருடமாய்ப் பயிற்சி எடுக்கிறது.

ஆகஸ்டில் பனி கருக்கியது.
மிச்சத்தைக் கங்காரு.
எண்ணிப் பார்த்ததில் இரண்டாயிரத்துச் சொச்சம்.
தபால் நிலையத்தை மூடியதும் அதே வாரம்தான்.
அன்றிரவு பப்பில் கொலின்
உருளைக்கிழங்கு வறுவலில் உப்பைத் தூவினார்,
தூவிய கையைப் பார்த்தார்,
சிரித்தார்.
எல்லோரும் சிரித்தோம்,
தேவைக்கு மேல் நீண்ட நேரம்.

மறு வருடம் இன்னும் ஆறாயிரம். வேலியோடு.

என் விசாவில் மூன்று வருடம் என்றிருந்தது.
சிற்றூரில் மூன்று வருடம், அப்புறம் மெல்பர்ன்.
அறுவடை இயந்திரங்களுக்குப் பெல்ட் மாற்றியபடி
காலண்டரைக் கிழித்தேன்.
மூன்று முடிந்து ஏழு மாதம் ஆகிறது.
செல்வநங்கை
மெல்பர்ன் வீட்டு விளம்பரங்களைக் காட்டுவதை நிறுத்தவில்லை.
நான் பார்ப்பதில்லை என்பதைக்
குறிப்பிடுவதை நிறுத்திவிட்டாள்.

போன சனிக்கிழமை, பதினேழாம் குழாய்.
வழக்கமான இடத்தில் சத்தம் இல்லை.
நாடா சிக்கிக்கொண்டதோ என்று உதறினேன்.
இன்னும் கொஞ்சம் விட்டேன்.
இன்னும் கொஞ்சம்.
பதினாலு சென்டிமீட்டர் கீழே
கன்னத்திலிருந்து விரலை எடுத்தது பூமி.

மழை குறைந்த வருடம், அதனாலும் இருக்கலாம்
என்றாள் கெய்லின், போனில்.
மற்ற குழாய்களில் மாற்றமில்லை.
மூன்றாம் குழாயில் ஏறியேயிருக்கிறது.
அப்படியே எழுதினேன்.
அடிக்கோடு போடவில்லை.
திரும்பும் வழியில்
உப்புப்புதர் இலை ஒன்றைக் கிள்ளி
நாக்கில் வைத்துக்கொண்டேன்.

வீட்டில் சொன்னேன்.
"இன்னும் எவ்வளவு இறங்கணும்?"
ஒரு மூன்று மீட்டராவது.
விரல்விட்டு எண்ணினாள்.
"நிறைமதிக்குக் கல்யாணமே ஆயிடும்."
போனைத் தள்ளித் தள்ளி எதையோ பார்த்தாள்.
பிறகு நிமிராமலே,
"வாஷிங் மெஷின் பெல்ட் தேய்ஞ்சு கெடக்கு,
ஊருக்கெல்லாம் மாத்துறீங்களே."