விகலை

ஒரு பாகையை அறுபதாய் அரிந்தால் கலை.
கலையை இன்னும் அறுபதாய் அரிந்தால் விகலை.
ஒரு விகலைக்கு மேல் ஆடக்கூடாது என்று
சுவரில் எழுதியவள் நான்தான்,
அறிவியல்நகரில்,
மின்விசிறியே ஆடுகிற ஓர் அறையில்.

பலூனில் தொங்கும் தொலைநோக்கி.
தொங்குவது எதுவும் சும்மா இராது.
கயிறு முறுகும், அவிழும், மறுவளமாய் முறுகும்.
பெட்டி ஒரு பக்கம் திரும்பினால்
உள்ளே ஒரு சில்லு மறுபக்கம் சுழன்று
அந்தத் திருப்பத்தைத் தான் வாங்கிக்கொள்ளும்.
வாங்கி வாங்கி வேகம் முட்டிப்போனால்
கயிற்றுக்கே திருப்பிக் கொடுக்கவேண்டும், மெல்ல.
கடன் மாதிரித்தான் என்றான் கோகுலரமணன்.
நுண்கடன்காரர் கிழமைக்கொருக்கால்
அவன் வீட்டுப் படலையில் வந்து நின்ற காலம்.
யாரும் சிரிக்கவில்லை.

பாலை மரத்தில் கட்டித் தொங்கவிட்டோம்.
மூன்று கிலோமீற்றர் தள்ளி
தொலைபேசிக் கோபுரத்தின் சிவப்பு விளக்குத்தான்
எங்கள் நட்சத்திரம்.
எட்டு இரவு அது திரையில் தத்தித் திரிந்தது.
ஒன்பதாம் இரவு
ஆணி அடித்ததுபோல் நின்றது,
கிளையில் குரங்கு ஏறும்வரைக்கும்.

பிறகு குளிர்.
பதினேழு கிலோமீற்றரில் பூச்சியத்துக்குக் கீழே எண்பது.
வன்னியில் எண்பதுக்கு எங்கே போவது?
முல்லைத்தீவில் அமலதாஸ் அண்ணையின் மீன் குளிரறையில்
இருபது கிடைத்தது.
அறுக்குளாப் பெட்டிகளுக்கு நடுவில் வைத்தோம்.
கிறீஸ் மெழுகாகி மோட்டோர் முனகியது. மாற்றினோம்.
அலுமினியக் குழாய் ஒரு நகக்கனம் சுருங்கி
குவியம் பிசகியது. காபன் குழாய் வாங்கினோம்,
யாருடைய காசில் என்று கேட்காதீர்கள்.
மீன்மணம் மட்டும் போகவில்லை.
மேலே போயும் மணக்கப்போகுது என்றேன்.
மணக்கிறதுக்கு அங்கே காற்று இல்லையே என்றான் கோகுலரமணன்.
வாய்விட்டுச் சொல்லியும்
எங்கள் ஒருவருக்கும் உறைக்கவில்லை.

பங்குனி. இரணைமடுவுக்குக் கிழக்கே வெட்டை.
அதிகாலை இரண்டு மணி.
விமானப்படையின் கடிதம் பிளாஸ்ரிக் உறையில்.
சிலிண்டரில் வாயு இரையத் தொடங்கியதும்
தூரத்து வீடுகளில் எரிந்த இரண்டு மூன்று லைற்றும்
ஒவ்வொன்றாய் அணைந்தன.
நாங்கள் யாரையும் அணைக்கச் சொல்லவில்லை.

நாலு பத்துக்கு, முப்பத்திரண்டு கிலோமீற்றரில்,
தேளின் வாலடியில் ஒரு மங்கலைப் பிடித்தது.
ஒன்றே கால் விகலை. ஒன்று.
முக்கால்.
மூச்சைக் கூடப் பார்த்து விட்டோம்,
கயிறு எங்கள் கையில் இருந்ததுபோல.

பதினொரு நிமிடம்.
பிறகு கணினியின் சூடு அறுபது, எழுபத்தொன்று, எண்பத்துநாலு.
விசிறி முழு வேகத்தில் சுழன்றுகொண்டிருந்தது.
சுழன்று என்ன, அள்ளிப் போகக் காற்று வேண்டாமா?
பச்சைப்பிள்ளையைப் போல வெள்ளித்தாளில்
நாலு சுற்றுச் சுற்றி அனுப்பியிருந்தோம்.
அத்தனை குளிருக்கு நடுவில்
தன் சூட்டிலேயே அவிந்துபோனது.

பரசூட் விழுந்த இடம் முகமாலைக்கு அங்கால்,
மண்டையோட்டுப் பலகைகளுக்கு
ஆறு மீற்றர் உள்ளே.

ஆறு மீற்றருக்கு இரண்டு நாள்.
பவளராணி முழந்தாளில் இருந்தாள்.
முகத்துக்குக் கண்ணாடி மறைப்பு, மார்புக்குக் கவசம்,
நிழலில் முப்பத்தாறு பாகை, அவளுக்கு நிழல் இல்லை.
அரை மணித்தியாலம் வேலை, பத்து நிமிடம் ஓய்வு.
நாடியிலிருந்து வேர்வை சொட்டியது.
மண்ணைச் சுரண்டுகிற கை
சொட்டுகிறதை அறியவில்லை.
கயிற்றுக்கு இப்பால் நின்று
நான் சுவரில் எழுதிய எண்ணை நினைத்தேன்.
வெட்கமாய் இருந்தது, ஏனென்று தெரியவில்லை.

பெட்டியைக் கையில் தந்தபோது
'மீன் மணக்குது' என்றாள்.

பதினொரு நிமிடப் படத்தைக் கைபேசியில் காட்டினேன்,
ஒன்றன்பின் ஒன்றாய் ஓடவிட்டு.
மறைப்பை உயர்த்தி நெடுநேரம் பார்த்தாள்.
'எல்லாம் ஒரு சொட்டு நடுங்குது.
இந்தப் புள்ளி மட்டும் அசையேல்லை, இதென்ன வெள்ளி?'

அது வெள்ளி இல்லை அக்கா,
கமராவில் செத்துப்போன ஒரு புள்ளி.

ஓ, என்றாள்.
விசில் ஊதியது. மறைப்பை இறக்கிக்கொண்டு
கோட்டுக்குள் போனாள்.